நாய்க்கு வீட்டிலேயே நகம் வெட்டலாமா? கேள்வி பதில்

காங்கேயம் பக்கம் தோட்டத்தில் இருபது வருடமாக நாய் வளர்க்கிறேன். என்னிடம் வந்த கேள்விகளுக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன்.

கேள்வி (திருப்பூர்): லேப்ரடார் நாய்ங்க, நகமெல்லாம் கருப்பு. உள்ளே ரத்தச்சதை எங்கே இருக்கிறது என்றே தெரியவில்லை. எதுவரைக்கும் வெட்டலாம்?

பதில்: வெள்ளை நகமென்றால் உள்ளே இளஞ்சிவப்பாகச் சதை தெரியும், அதற்கு 2 மில்லிமீட்டர் முன்னாலேயே நிறுத்திவிடலாம். கருப்பு நகத்தில் வெட்டிய முகத்தைப் பார்த்துப் பார்த்துத்தான் போக வேண்டும். நுனியை அரை அரிசி கனத்துக்குச் சீவுங்கள். வெட்டிய இடம் வறண்டு, சுண்ணாம்பு மாதிரி வெளுத்திருந்தால் இன்னொரு சீவல் எடுக்கலாம். நடுவில் ஈரப்பசையோடு சின்னக் கரும்புள்ளி தெரிந்தால் அதோடு நிறுத்துங்கள். அதைத் தாண்டினால் ரத்தம்தான். பகல் வெளிச்சத்தில் உட்கார்ந்து செய்யுங்கள். நம் நகவெட்டி வேண்டாம், உருண்டையான நாய் நகத்தை அது நசுக்கிவிடும். நாய்க்கென்றே கத்தரி மாதிரி விற்கிறார்கள்.

கேள்வி (பெருந்துறை): களத்தில் ஓடித் திரியும் நாட்டு நாய்க்கும் வெட்ட வேண்டுமா?

பதில்: பெரும்பாலும் வேண்டியதில்லை, ஓடுகிற ஓட்டத்தில் தானே தேய்ந்துவிடும். ஆனால் முன்னங்காலில் உள்பக்கம், தரையில் படாமல் மேலே ஒரு நகம் இருக்கும். அது தேயாது; வளைந்து சதைக்குள்ளேயே குத்தும். மாதம் ஒருமுறை முடியை விலக்கிப் பாருங்கள்.

கேள்வி (காங்கேயம்): காளைக்கு லாடம் அடிக்க வருகிறவர், குறடு வைத்து நாய்க்கும் வெட்டித் தருகிறேன் என்கிறார். விடலாமுங்களா?

பதில்: வேண்டாம். குளம்பு வேலை வேறு. குறடு நகத்தைப் பிளந்துவிடும்.

கேள்வி (கோபி): ரத்தம் வந்துவிட்டால்?

பதில்: பதறாதீர்கள், கொஞ்ச ரத்தமே நிறைய வந்த மாதிரி தெரியும். படிகாரத்தைப் பொடித்து முன்கூட்டியே பக்கத்தில் வையுங்கள். நுனியில் அப்பி, சுத்தமான துணியால் 5 நிமிடம் விடாமல் அழுத்துங்கள். நடுநடுவே எடுத்துப் பார்க்கக் கூடாது. படிகாரம் இல்லையென்றால் மக்காச்சோள மாவு (கார்ன்ஃப்ளார்). அன்றைக்கு மாடு கட்டும் கட்டுத்தரைப் பக்கம் விடாதீர்கள். அரை மணி நேரமாகியும் நிற்கவில்லையென்றால் கால்நடை டாக்டரிடம் போய்விடுங்கள்.

கேள்வி (பொள்ளாச்சி): நகவெட்டியைப் பார்த்தாலே உறுமுகிறது. நாலு பேர் பிடித்து அமுக்கித்தான் வெட்டுகிறோம்.

பதில்: தயவுசெய்து அதை இன்றோடு விட்டுவிடுங்கள். என் முதல் நாய்க்கு அவசரப்பட்டு ஆழமாக வெட்டிவிட்டேன். அதற்கப்புறம் இரண்டு மாதம் காலைத் தொடவே விடவில்லை. இன்னும் அது எனக்கு உறுத்தல்தான். முதல் வாரம் பாதத்தை மட்டும் தொடுங்கள், தொட்டதும் வேகவைத்த கோழித் துண்டு ஒன்று கொடுங்கள். அடுத்த வாரம் நகவெட்டியை நகத்தில் வெறுமனே ஒட்டி எடுங்கள், மறுபடியும் கோழி. அப்புறம் ஒரு நாளைக்கு ஒரே ஒரு நகம். பதினெட்டு நகத்தையும் ஒரே நாளில் முடிக்க வேண்டும் என்று யார் சொன்னது? காலை இழுத்துக்கொண்டால் விட்டுவிடுங்கள். உறுமல் கடியாக மாறும் என்று தோன்றினால் டாக்டர் வெட்டட்டும்.

கேள்வி (ஈரோடு): ரொம்ப நாள் விட்டுவிட்டோம், டைல்ஸில் நடந்தால் டக் டக் என்று கேட்கிறது. ஒரேயடியாகக் குட்டையாக்கலாமா?

பதில்: முடியாது. நகம் நீண்டால் உள்ளிருக்கும் சதையும் கூடவே நீண்டிருக்கும். வாரம் ஒருமுறை நுனியை மட்டும் எடுத்து வந்தால் சதை மெல்லப் பின்வாங்கும். சில மாதம் ஆகும். சத்தம் கேட்காத அளவு வந்ததும் மூன்று, நான்கு வாரத்துக்கு ஒருமுறை போதும்.

கேள்வி (தாராபுரம்): வெட்டும்போது கையில் பல் பட்டு லேசாகக் கீறிவிட்டது. நம்ம நாய்தானே?

பதில்: நம்ம நாயாக இருந்தாலும் ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டு 15 நிமிடம் கழுவிவிட்டு, இன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போங்கள். நாய்க்குத் தடுப்பூசி போட்ட தேதியையும் டாக்டரிடம் சொல்லுங்கள்.