வாட்ஸ்அப் வருகிறது, ப்ளே ஸ்டோர் மட்டும் சுற்றிக்கொண்டே இருக்கிறது: ரீசெட் போடலாமா?

கேட்டவர் கேரளா-தமிழ்நாடு எல்லையில் இருக்கிற வேலந்தாவளம் பக்கம். அம்மாவின் ஆண்ட்ராய்டு போனில் ப்ளே ஸ்டோரைத் திறந்தால் வட்டம் சுற்றுகிறது, கொஞ்ச நேரத்தில் 'மீண்டும் முயலவும்' என்று வருகிறது, வாட்ஸ்அப் மெசேஜ் மட்டும் வருகிறது, ரீசெட் போட்டு, அதாவது போனில் இருப்பதையெல்லாம் அழித்துப் புதுப் போன் மாதிரி ஆக்கி, விடலாமா என்கிறார்.

வேண்டாம். கொழிஞ்சாம்பாறையில் ரீசார்ஜும் சர்வீஸும் பார்க்கிற கடை வைத்திருக்கிறேன். இந்தப் புகாரோடு வருகிற போன்களில் பாதிக்கு மேல் போனில் ஒன்றுமே இருக்காது, லைனில்தான் இருக்கும். அதனால் செட்டிங்ஸைத் தொடுவதற்கு முன்னால் ஒரு சோதனை. அம்மாவின் போனில் மொபைல் டேட்டாவை அணைத்துவிட்டு, உங்கள் போனிலிருந்து ஹாட்ஸ்பாட் கொடுத்துப் பாருங்கள். ஸ்டோர் திறந்துவிட்டால் போன் நன்றாக இருக்கிறது, சிம் பக்கம் பார்க்க வேண்டும். அப்போதும் சுற்றினால்தான் போனுக்குள் தேட வேண்டும். இந்த இரண்டு நிமிஷ வேலையைச் செய்யாமல் நேராக கேஷ் (ஆப் தற்காலிகமாகச் சேர்த்து வைத்திருப்பது), டேட்டா என்று எல்லாவற்றையும் அழிக்கிற பழக்கம் கடைக்காரர்கள் எங்களுக்கே உண்டு. பார்க்கிறவருக்கு ஏதோ பெரிய வேலை நடப்பதுபோலத் தெரியும், அவ்வளவுதான்.

சிம் பக்கம் என்றால் முதலில் அன்றாட டேட்டா தீர்ந்துவிட்டதா என்று பாருங்கள். ஒரு நாளைக்கு 1.5 ஜிபி என்று போட்ட பிளானில் அது முடிந்ததும் நெட் நின்றுவிடாது, வேகம் 64 கேபிபிஎஸ் ஆகிவிடும். அதாவது விநாடிக்கு 8 கிலோபைட். ஒரு எம்பி இறங்கவே இரண்டு நிமிஷத்துக்கு மேல். 50 எம்பி ஆப் என்றால், நடுவில் அறுந்துபோகாமல் இருந்தாலும், ஒன்றே முக்கால் மணி நேரம். வாட்ஸ்அப்பில் நான்கு வரி மெசேஜ் வர அந்த வேகம் போதும். படமும் பட்டியலுமாக நிரம்பிய ப்ளே ஸ்டோரின் முதல் பக்கத்துக்குப் போதாது. அதுதான் 'வாட்ஸ்அப் வருகிறதே, நெட் இருக்கிறதே' என்று நம்மைக் குழப்புகிறது. சாயங்காலம் ஸ்டோர் திறக்கவில்லை, காலையில் தானாகச் சரியாகிவிட்டது என்று யாராவது சொன்னால் பெரும்பாலும் கதை இதுதான். நடு ராத்திரி கழிந்ததும் அடுத்த நாள் கணக்கு தொடங்கிவிடும். பகலெல்லாம் சீரியல் ஓடுகிற போனா என்று அம்மாவிடமே கேட்டுவிடுங்கள்.

அடுத்தது நம் ஊருக்கே உரிய தொல்லை. வேலந்தாவளம், கோபாலபுரம், நடுப்புணி, மீனாட்சிபுரம் என்று செக்போஸ்ட் ஒட்டிய ஊர்களில் வீட்டு வாசலில் நின்றால் கேரளா டவர், கொல்லைப் பக்கம் போனால் தமிழ்நாடு டவர் என்று போன் தாவிக்கொண்டே இருக்கும். கம்பெனி ஒன்றாகவே இருந்தாலும் கேரளா சர்க்கிளுக்கு ஒரு நெட்வொர்க் எண், தமிழ்நாடு சர்க்கிளுக்கு வேறொன்று. கேரளா சிம் போட்ட போன் தமிழ்நாட்டு டவரைப் பிடித்ததும் சில மாடல்கள் அதை ரோமிங் என்று எடுத்துக்கொள்ளும். சிக்னல் கோட்டுக்குப் பக்கத்தில் சின்னதாக ஓர் 'ஆர்' வரும். டேட்டா ரோமிங் அணைத்திருந்தால் அந்த நிமிஷமே நெட் நின்றுவிடும், ஆனால் கால் வரும், போகும். திரும்பத் தன் டவருக்கு வந்ததும் தேங்கிக் கிடந்த மெசேஜ் எல்லாம் மொத்தமாகக் கொட்டும். 'இப்போதுகூட மெசேஜ் வந்ததே' என்பார்கள். அது எப்போது வந்தது, வீட்டின் எந்தப் பக்கம் நின்றபோது வந்தது என்று கேட்டால் விஷயம் பிடிபட்டுவிடும்.

டேட்டா ரோமிங்கை அணைத்து வைப்பது, இந்தியாவுக்குள்ளேயே ரோமிங்குக்குத் தனியாகக் காசு பிடித்த காலத்துப் பழக்கம். இப்போதைய பிளான்களில் அந்தப் பயம் தேவையில்லை, போட்டு வையுங்கள். துபாய், மஸ்கட் என்று போகிறவர்கள் மட்டும் விமானம் ஏறும் முன் மறக்காமல் அணைத்துவிட வேண்டும்; அங்கே போனால் பில் வேறு மாதிரி வரும். அப்புறம், நெட்வொர்க் தேர்வு தானியங்கியில் இருக்கிறதா என்றும் பாருங்கள். யாராவது கையால் ஒன்றைத் தேர்ந்தெடுத்து விட்டிருந்தால், அந்த டவர் மெலிந்த இடத்திலும் போன் அதையே கட்டிக்கொண்டு நிற்கும். இரண்டு மாநிலத்துக்கும் ஒவ்வொன்றாக இரண்டு சிம் வைத்திருக்கிற வீடுகள்தான் இங்கே அதிகம், அதில் டேட்டா எந்தச் சிம்மில் ஓடுகிறது என்பதும் முக்கியம். ரீசார்ஜ் தீர்ந்த சிம்மில் டேட்டாவை வைத்துக்கொண்டு ஸ்டோரைத் திட்டிப் பயனில்லை. இதையெல்லாம் மாற்றியபின் ஏரோப்ளேன் மோடைப் போட்டு எடுங்கள், போன் புதிதாக டவர் தேடும்.

ஹாட்ஸ்பாட்டிலும் திறக்கவில்லையா? தேதியைப் பாருங்கள். சிரிக்காதீர்கள், நிஜமாகவே தேதிதான். ப்ளே ஸ்டோர் கூகுளோடு பேசும்போது எதிரில் இருப்பது உண்மையான கூகுள்தானா என்று ஒரு சான்றிதழைப் பார்த்து உறுதி செய்கிறது. அந்தச் சான்றிதழ் இன்ன தேதி முதல் இன்ன தேதி வரை என்று சில மாசங்களுக்கு மட்டும் செல்லும். போனில் 2019 என்று ஓடிக்கொண்டிருந்தால், அடுத்த மாசத் தேதி போட்ட டிக்கெட்டோடு இன்றைக்கே ரயில் ஏறியவரை டிடிஆர் இறக்கிவிடுகிற மாதிரி, செல்லுபடியாகும் சான்றிதழையே போன் தள்ளிவிடும். சில நிமிஷம் முன்பின் இருந்தால் ஒன்றும் ஆகாது, மாசக்கணக்கில் தவறினால்தான் வம்பு. சார்ஜ் சுத்தமாக இறங்கி நாள்கணக்கில் கிடந்த போனில் இது நடக்கும். பேரப்பிள்ளைகள் இருக்கிற வீட்டில் இன்னொரு காரணமும் உண்டு: விளையாட்டில் உயிர் தீர்ந்துவிட்டால் காத்திருக்கப் பொறுமையில்லாமல் கடிகாரத்தை முன்னால் தள்ளி வைக்கிறார்கள், விளையாடி முடித்தபின் பழையபடி வைப்பதில்லை. தேதி, நேரம் இரண்டையும் தானியங்கியில் விட்டுவிடுங்கள்.

தேதி சரி என்றால் விபிஎன் (நெட்டை வேறொரு சர்வர் வழியாகச் சுற்றிவிடுவது), தனிப்பட்ட டிஎன்எஸ் (தளத்தின் பெயரை வைத்து அதன் முகவரியைத் தேடித் தருகிற சர்வர்) இரண்டையும் பாருங்கள். விளம்பரம் வராமல் இருக்க என்று யாரோ வீடியோவில் சொன்ன ஒரு முகவரியைத் தனிப்பட்ட டிஎன்எஸ்ஸில் போட்டுவிட்டு மறந்திருப்பார்கள். ஆண்ட்ராய்டு 9 முதல் இந்த வசதி இருக்கிறது. அந்த சர்வர் படுத்துக்கொண்டால் ஸ்டோரும் படுத்துவிடும். டிஎன்எஸ்ஸைத் தானியங்கி என்று மாற்றி, விபிஎன் ஓடினால் அணைத்துவிட்டால் போதும்.

இதற்குமேல்தான் போனுக்குள் வேலை. முதலில் இடம் இருக்கிறதா என்று பாருங்கள். அம்மாக்கள் போனில் குட் மார்னிங் படங்களே சில ஜிபி இருக்கும். பிறகு செட்டிங்ஸில் ஆப்ஸ் பட்டியலுக்குப் போய் கூகுள் ப்ளே ஸ்டோரை ஃபோர்ஸ் ஸ்டாப் செய்து கேஷைக் கிளியர் பண்ணுங்கள். ஆகவில்லை என்றால் அதே ஆப்பின் ஸ்டோரேஜையும் அழிக்கலாம், நிறுவிய ஆப்களோ படங்களோ போகாது. ஸ்டோருக்குப் பின்னணியில் ஓடுகிற கூகுள் ப்ளே சர்வீசஸுக்கும் கேஷ் மட்டும் அழியுங்கள். பேட்டரி மிச்சம் பிடிக்கிறேன் என்று சிலர் டவுன்லோட் மேனேஜரை முடக்கி வைத்திருப்பார்கள், அதைத் திரும்ப இயக்க வேண்டும். எதற்கும் அசையாவிட்டால் அதே ஆப்ஸ் பட்டியலில் ப்ளே ஸ்டோர் பக்கத்தில் இருக்கிற மூன்று புள்ளியைத் தொட்டு அப்டேட்டுகளை நீக்குங்கள். அது பழைய பதிப்புக்குப் போய், கொஞ்ச நேரத்தில் தானே புதிதாகிக்கொள்ளும். ஸ்டோர் திறக்கிறது, ஆப் மட்டும் 'நிலுவையில்' என்று நிற்கிறது என்றால் அது வேறு கதை. ஸ்டோரின் செட்டிங்ஸில் வைஃபையில் மட்டும் இறக்கு என்று இருக்கும்.

நம் பக்கத்துப் பெரியவர்கள் போனில் மெனு முழுக்க மலையாளத்தில் இருக்கும், வாங்கிய கடையில் அப்படி வைத்துக் கொடுத்திருப்பார்கள். பேச்சு புரிகிறவர்களுக்கும் எழுத்து வாசிக்க வராது. நீங்களும் அந்த ரகம் என்றால் முதலில் மொழியைத் தமிழுக்கு மாற்றிவிட்டு மேலே சொன்னதைச் செய்யுங்கள். தெரியாத எழுத்தில் குத்துமதிப்பாக எதையாவது அமுக்கப் போய் அழியக் கூடாதது அழிந்துவிடும்.

கணக்கை நீக்கிவிட்டுத் திரும்பச் சேர்ப்பது என்று எல்லோரும் சொல்கிற வழி ஒன்று இருக்கிறது. பலிக்கும். ஆனால் பாஸ்வேர்டு தெரியாமல் அதைத் தொடாதீர்கள். இந்த வயதுக்காரர்களின் கூகுள் கணக்கை பெரும்பாலும் போன் விற்ற கடைப் பையன்தான் தொடங்கியிருப்பான். பாஸ்வேர்டு அவனுக்கும் ஞாபகம் இருக்காது, மீட்பு எண்ணாக அவன் எண்ணையே கொடுத்திருந்தாலும் ஆச்சரியமில்லை. கணக்கு போனில் உள்ளே இருக்கும்போதே கூகுள் கணக்கின் பாதுகாப்புப் பகுதிக்குப் போய் உங்கள் எண்ணை மீட்பு எண்ணாகச் சேர்த்து, பாஸ்வேர்டையும் மாற்றி எழுதி வையுங்கள். வெளியே வந்தபின் கூகுளிடம் மல்லுக்கட்டுவது பெரும்பாடு. கான்டாக்ட்ஸ் கணக்கோடு ஒத்திசைந்திருக்கிறதா என்றும் பார்த்துக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் எண்கள் போய்விடும்.

ரீசெட்டை வேண்டாம் என்றதற்கும் இதே காரணம்தான். ஆண்ட்ராய்டு 5.1 முதல், பட்டன்களை அமுக்கி உள்ளே போய் ரீசெட் போட்டால் போன் முன்பிருந்த கூகுள் கணக்கைக் கேட்கும். அது தெரியாவிட்டால் ஸ்டோர் மட்டும் திறக்காத போன் மொத்தமாகவே திறக்காத போனாகிவிடும். படங்களும் வாட்ஸ்அப் பேச்சும் போனது தனி நஷ்டம். போன வாரம்வரை ஓடிக்கொண்டிருந்த ப்ளே ஸ்டோருக்கு ரீசெட் மருந்து என்று ஒரு கடைக்காரர் எடுத்த எடுப்பில் சொன்னால் போனைத் திரும்ப வாங்கிக்கொள்ளுங்கள்.

இணையத்தில் தேடினால் கிடைக்கிற கஸ்டமர் கேர் எண் எதையும் கூப்பிடாதீர்கள். ப்ளே ஸ்டோரைச் சரி செய்கிறேன் என்று ஸ்கிரீனைப் பகிரும் ஆப்பைப் போடச் சொல்வார்கள், அப்புறம் உங்கள் யூபிஐ அவர்கள் கண்முன்னால். ஏற்கெனவே பணம் போயிருந்தால் உடனே 1930 என்ற சைபர் மோசடிப் புகார் எண்ணைக் கூப்பிட வேண்டும். எந்த மாநிலத்திலிருந்தும் அதே எண்தான். ஸ்டோர் திறக்கவில்லை என்று ஏதோ ஒரு தளத்திலிருந்து ஏபிகே (ஸ்டோர் இல்லாமல் நேராகப் போடுகிற ஆப் ஃபைல்) இறக்குவதும் இதில் சேர்த்திதான், முக்கியமாக பேங்க் ஆப்களை அப்படி இறக்கவே கூடாது.

கூகுள் பக்கமே படுத்துக்கொள்வதும் உண்டு. 2020 டிசம்பர் 14 அன்று அவர்களுடைய கணக்குச் சேவை சுமார் முக்கால் மணி நேரம் முடங்கியது, ஜிமெயில், யூடியூப் எல்லாம் சேர்ந்து போயின. அப்படியான நாளில் உங்கள் போனும் பக்கத்து வீட்டுப் போனும் ஒன்றாகத் திணறும், காத்திருப்பதுதான் வழி.

கடைசியாக, போன் எவ்வளவு பழசு என்று நீங்கள் சொல்லவில்லை. 'போனைப் பற்றி' என்ற பகுதியில் ஆண்ட்ராய்டு 4.4 அல்லது அதற்கும் கீழே என்று இருந்தால் மேலே சொன்ன எதையும் முயல வேண்டாம். அந்தப் பதிப்புக்கு ப்ளே சர்வீசஸ் அப்டேட் தருவதை 2023 ஆகஸ்டில் கூகுள் நிறுத்திவிட்டது. அம்மாவுக்குக் கால் பேச மட்டும் அதை வைத்துக்கொண்டு, மற்றதற்கு வேறு போன் பாருங்கள்.