எர்டிகாவா, கேரன்ஸா? மாமனாருக்கும் கணவருக்கும் நடுவில் ஒரு ஏழு சீட்டர்

கேள்வி: எங்கள் வீட்டில் ஆறு பேர். நான், கணவர், 9 வயது மகள், 4 வயது மகன், மாமனார், மாமியார். பழைய வேகன்ஆரில் எல்லோரும் ஒன்றாகப் போக முடியவில்லை என்று அதைக் கொடுத்துவிட்டு ஏழு சீட்டர் வாங்கப் போகிறோம். வண்டியை ஓட்டுவது பெரும்பாலும் நான்தான். அவர் பைக்கில் வேலைக்குப் போய்விடுவார். மாதம் ஒருமுறை தேனியில் என் அம்மா வீடு, மாமாவின் மூட்டுவலிக்கு மதுரை ஆஸ்பத்திரி, வருஷத்துக்கு ஒன்றிரண்டு தடவை கொடைக்கானல். மாதம் 600 கிலோமீட்டர் ஓடினாலே அதிகம். எல்லாச் செலவும் சேர்த்து 15 லட்சம் வரை முடியும். மாமா எர்டிகாதான் என்கிறார். மாருதி தவிர எதையும் அவர் நம்ப மாட்டார். கணவர் கியா கேரன்ஸ்தான் என்கிறார். எர்டிகா வாங்கினால் டாக்சி என்று நினைப்பார்களாம். ஒரு மாதமாகச் சாப்பாட்டு நேரத்தில் இதே பேச்சு. யார் சொல்வது சரி?
- வாசகி, திண்டுக்கல்

பதில்: அன்புச் சகோதரி, மாமா என்ன சொல்கிறார், கணவர் என்ன சொல்கிறார் என்று விவரமாக எழுதியிருக்கிறீர்கள். ஓட்டப்போகிற உங்களுக்கு எது பிடித்திருக்கிறது என்று ஒரு வரிகூட இல்லை. சரி, அதற்கு அப்புறம் வருகிறேன். முதலில் ஆறு பேரையும் வண்டிக்குள் உட்கார வைத்துப் பார்ப்போம். பாதிச் சண்டை அங்கேயே தீர்ந்துவிடும்.

ஸ்டியரிங்கில் நீங்கள். மூட்டுவலி உள்ள மாமாவுக்கு முன்சீட்டைத் தவிர வேறு இடம் சரிப்படாது. காலை நீட்டலாம், ஏறி இறங்கவும் எளிது. மகனுக்கு 4 வயது, அவனுக்குக் குழந்தை இருக்கை கட்டாயம். (இதுவரை வாங்கவில்லை என்றால், எந்த வண்டி என்று முடிவாகும் முன்பே அதை வாங்கிவிடுங்கள்.) அதை மாட்டும் ஐசோஃபிக்ஸ் கொக்கிகள் இரண்டு வண்டியிலும் இரண்டாவது வரிசையின் ஓர சீட்டுகளில்தான் இருக்கின்றன. உங்களுக்குப் பின்னால், வலது ஓரத்தில் மாட்டுங்கள். இடது பக்கம் மாட்டினால் மூன்றாவது வரிசைக்குப் போகும் வழி அடைபட்டுப்போகும். குழந்தை இருக்கை மாட்டிய சீட்டை மடிக்க முடியாது. இடது ஓரத்தில் அத்தை. நடுவில் மகள். மகளைக் கடைசி வரிசைக்கு அனுப்பலாமே என்று தோன்றும். கொடைக்கானல் ரோட்டில் அனுப்பாதீர்கள். அந்த சீட் பின் அச்சுக்கு மேலே இருக்கிறது, குலுக்கல் அதிகம். வெளியே பார்க்கவும் சரியாக முடியாது. வளைவுகளைக் கண் பார்க்காமல் உடம்பு மட்டும் உணர்ந்தால் பிள்ளைகளுக்குக் குமட்டும்.

ஆக, கடைசி வரிசையில் உட்காரப்போகிறவர் உங்கள் கணவர். முதலில் ஏறி, எல்லோரும் இறங்கிய பிறகு இறங்க வேண்டியவரும் அவர்தான். இந்தச் செய்தியை அவரிடம் நீங்களே பக்குவமாகச் சொல்லிவிடுங்கள்.

இதில் ஒரு நல்ல விஷயமும் இருக்கிறது. ஏழு சீட்டையும் விரித்து வைத்தால் டிக்கியில் மிஞ்சுவது எர்டிகாவில் 209 லிட்டர், கேரன்ஸில் 216 லிட்டர். இரண்டுமே பேருக்குத்தான் இடம். தேனியிலிருந்து திரும்பும்போது உங்கள் அம்மா ஏற்றிவிடும் தேங்காய் மூட்டைக்கே போதாது. ஆனால் இரண்டிலும் மூன்றாவது வரிசை பாதிப் பாதியாக மடங்கும். நீங்கள் ஆறு பேர் என்பதால் ஒரு பாதியை மடித்துப்போட்டு மூட்டை முடிச்சை வைக்கலாம். பக்கத்து சீட்டில் பைகளோடு கணவர் வருவார். நாத்தனாரையும் ஏற்றிக்கொண்டு ஏழு பேராகப் போக வேண்டிய நாட்களில் இந்த வசதி போய்விடும். வருஷத்தில் சில நாள் விசேஷத்துக்காகப் பெரிய வண்டி வாங்க வேண்டியதில்லை, அன்றைக்கு ஒரு வாடகை வண்டி போதும்.

இந்த உட்காரும் கணக்கில் கேரன்ஸ் ஒரு படி மேலே. அகலம் 1,800 மில்லிமீட்டர், எர்டிகா 1,735. ஆறரை சென்டிமீட்டர்தானே என்று தோன்றலாம். குழந்தை இருக்கை, நடுவில் வளரும் பெண், பக்கத்தில் ஒரு பெரியவர் என்று மூன்று பேர் தோளோடு தோள் உட்காரும்போது அந்த வித்தியாசம் தெரியும். சக்கரங்களுக்கு இடையிலான நீளமும் கேரன்ஸில் 2,780, எர்டிகாவில் 2,740. கேரன்ஸின் பல வேரியண்ட்களில் இடது பக்க இரண்டாம் வரிசை சீட் ஒரு பட்டனை அழுத்தினாலே மடிந்து முன்னால் கவிழ்ந்து வழிவிடும். எர்டிகாவில் முதுகை மடித்து சீட்டை முன்னால் தள்ள வேண்டும். ஆள் கொஞ்சம் நெளிந்துதான் ஏறணும். நீங்கள் பார்க்கும் வேரியண்டில் அந்தப் பட்டன் இருக்கிறதா என்று மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள். கடைசி வரிசை ஏசி துவாரத்தையும் சேல்ஸ்மேன் வாய் வார்த்தையில் விடாமல் பாருங்கள். சித்திரை வெயிலில் மதுரை ரோட்டில் பின்னால் உட்கார்ந்திருப்பவருக்குத்தான் அதன் அருமை தெரியும். அகலமான வண்டி என்பதால் உங்கள் வீட்டு கேட்டையும் ஒரு டேப் வைத்து அளந்துவிடுங்கள், கண்ணாடிகள் இரண்டு பக்கமும் நீட்டிக்கொண்டிருப்பதையும் சேர்த்து.

பாதுகாப்பு விஷயத்தில் சுற்றி வளைக்காமல் சொல்கிறேன். கார்களை மோதவிட்டுச் சோதித்து ஐந்து நட்சத்திரம் வரை கொடுக்கும் குளோபல் என்கேப் அமைப்பு 2024-ல் இரண்டையும் சோதித்தது. கேரன்ஸ் முதலில் பெரியவர்கள் பாதுகாப்பில் பூஜ்யம் வாங்கியது. கம்பெனி திருத்திக் கொடுத்த வண்டி பெரியவர்களுக்கு 3 நட்சத்திரமும் குழந்தைகளுக்கு 5 நட்சத்திரமும் வாங்கியது. எர்டிகா பெரியவர்களுக்கு 1, குழந்தைகளுக்கு 2. அந்த எர்டிகா ஆப்பிரிக்காவுக்குப் போன, இரண்டே ஏர்பேக் உள்ள வண்டி என்பதையும் சொல்லியாக வேண்டும். 2025-லிருந்து இங்கே எர்டிகாவின் எல்லா வேரியண்டிலும் ஆறு ஏர்பேக் வருகிறது. கேரன்ஸில் 2022 பிப்ரவரியில் வந்த நாளிலிருந்தே ஆறு. அப்படியானால் இப்போது சமம்தானா? ஏர்பேக் எண்ணிக்கையில் சமம். ஆனால் இரண்டு பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு நாலு வழிச் சாலையில் மதுரைக்கு ஓட்டுகிறவருக்கு, குழந்தைகள் பிரிவில் 5 வாங்கிய வண்டியைத்தான் நான் சொல்வேன். எதை வாங்கினாலும் இரண்டாவது வரிசை நடு சீட்டில் தோளையும் சேர்த்துப் பிடிக்கும் பெல்ட் இருக்கிறதா என்று இழுத்துப் பாருங்கள். வயிற்றுப் பட்டை மட்டும்தான் என்றால் உங்கள் மகளை அங்கே உட்கார வைக்கக் கூடாது.

மாமா மைலேஜ் பற்றிப் பேசியிருப்பார், நீங்கள் எழுதாவிட்டாலும் தெரிகிறது. அவர் சொல்வது உண்மைதான். எர்டிகா எடை குறைந்த வண்டி, பெட்ரோலை அளந்துதான் குடிக்கும். எர்டிகா லிட்டருக்கு 15, கேரன்ஸ் 12 என்று வைத்துக்கொள்வோம். 600 கிலோமீட்டருக்கு 40 லிட்டர், 50 லிட்டர். பத்து லிட்டர் வித்தியாசம், மாதம் ஆயிரம் ரூபாய் சொச்சம். வருஷத்துக்குப் பன்னிரண்டாயிரம். உங்கள் ஓட்டத்துக்கு இது வண்டியையே மாற்றும் தொகை இல்லை. மாதம் 2,000 கிலோமீட்டர் ஓடுகிறவராக இருந்தால் நான் இவ்வளவு எழுதியிருக்கவே மாட்டேன், எர்டிகா சிஎன்ஜி என்று ஒரே வரியில் முடித்திருப்பேன். கிலோவுக்கு 26.11 கிலோமீட்டர் என்கிறது கம்பெனிக் கணக்கு. ஆனால் சிலிண்டர் டிக்கியை விழுங்கிவிடும், மலை ஏறும்போது இழுவையும் குறையும். உங்களுக்கு அது வேண்டாம்.

மலை என்றதும் ஞாபகம் வருகிறது. கேரன்ஸின் சாதாரண 1.5 பெட்ரோல் இன்ஜின் சக்தி 115 பிஎஸ் (குதிரைத்திறன் மாதிரி ஒரு அளவு), எர்டிகா 103 பிஎஸ். காகிதத்தில் கேரன்ஸ் முன்னால் நிற்கிறது. ஆனால் அது கனமான வண்டி. ஆறு பேரோடு மலை ஏறினால் இரண்டுமே இரண்டாவது கியரில் முனகிக்கொண்டுதான் போகும். கேரன்ஸில் 160 பிஎஸ் டர்போ பெட்ரோலும், 250 நியூட்டன் மீட்டர் இழுவையுள்ள டீசலும் உண்டு. ஏற்றத்தில் அவை வேறு ரகம், விலையும் வேறு ரகம். வருஷத்துக்கு இரண்டு தடவை கொடைக்கானலுக்காக அவ்வளவு தூரம் போகாதீர்கள்.

சர்வீஸ் பற்றிய மாமாவின் பயத்தை நான் தள்ளிவிட மாட்டேன். தேனிக்கு அந்தப் பக்கம் ஒரு குக்கிராமத்தில் வண்டி நின்றாலும் மாருதியைத் திறந்து பார்க்க ஒரு மெக்கானிக் கிடைப்பார். விற்கும்போதும் எர்டிகாவுக்கு வாசலில் ஆள் நிற்பார்கள். ஆனால் வருஷத்துக்கு ஏழாயிரம் கிலோமீட்டர் ஓடும் வண்டிக்கு வருஷம் ஒரு சர்வீஸ்தான் வரும். மதுரைக்கு எப்படியும் போகிறீர்கள். வாரண்டி இரண்டிலும் மூன்று வருஷம். மாருதி 1 லட்சம் கிலோமீட்டர் வரை என்கிறது, கியா கிலோமீட்டர் வரம்பு வைக்கவில்லை. சின்ன ரிப்பேர்களுக்கு உங்கள் ஊரில் கியா வேலை தெரிந்த இடம் எது, பம்பர் மாதிரி உதிரி பாகம் வர எத்தனை நாள் ஆகும் என்று ஏற்கெனவே கேரன்ஸ் வைத்திருப்பவர் ஒருவரிடம் கேளுங்கள். பதில் திருப்தியாக இல்லை என்றால் மாமா பக்கம் ஒரு ஓட்டு விழுந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

டாக்சி என்ற கேலிக்கு வருவோம். பஸ் ஸ்டாண்ட் பக்கம் வெள்ளை எர்டிகாவை நிறுத்தினால் ‘பழனி போகுமா’ என்று யாராவது கேட்கத்தான் செய்வார்கள். போகிற வழியில் இறக்கிவிட்டால் புண்ணியம். டாக்சிக்காரர்கள் ஒரு வண்டியைத் தேடி வாங்குகிறார்கள் என்றால் அது சொன்னபடி ஓடுகிறது, செலவு வைப்பதில்லை என்று அர்த்தம். எர்டிகாவை வேண்டாம் என்று சொல்ல இதைவிடப் பலவீனமான காரணம் கிடைக்காது. அதோடு, கேரன்ஸும் மஞ்சள் போர்டில் ஓடுகிறது என்று கணவரிடம் சொல்லுங்கள்.

இப்போது உங்கள் விருப்பம். வேகன்ஆரில் கிளட்ச் மிதித்து மிதித்து இடது முழங்கால் வலிக்கிறதா? அடுத்த வண்டியாவது ஆட்டோமேட்டிக்காக இருக்கட்டும் என்று மனதுக்குள் ஒரு ஆசை இருக்கிறதா? இருந்தால் என் பதில் மாறிவிடும். எர்டிகாவில் சாதாரண பெட்ரோல் இன்ஜினுக்கே ஆறு கியர் ஆட்டோமேட்டிக் கிடைக்கிறது, 15 லட்சத்துக்குள் அடங்கப் பார்க்கலாம். கேரன்ஸின் சாதாரண பெட்ரோலுக்கு மேனுவல் மட்டும்தான். முழு ஆட்டோமேட்டிக் வேண்டுமென்றால் டர்போவுக்கோ டீசலுக்கோ போக வேண்டும், பட்ஜெட் தாங்காது. நடுவில் ஐஎம்டி என்று ஒன்று வைத்திருக்கிறார்கள். கிளட்ச் பெடல் இல்லை, கியரை நீங்களே மாற்ற வேண்டும். ஓட்டிப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள், எல்லோருக்கும் அது பிடிப்பதில்லை.

ஆகவே மேனுவல் ஓட்டுவதில் உங்களுக்குச் சிரமம் இல்லை என்றால் கேரன்ஸ், சாதாரண 1.5 பெட்ரோல். கேரன்ஸின் புதிய வடிவமாக 2025-ல் வந்த கிளாவிஸைத்தான் ஷோரூமில் முதலில் காட்டுவார்கள். உட்காரும் இடத்தில் பெரிய வித்தியாசம் இல்லை, விலைப்பட்டியலைப் பார்த்து எடுங்கள். பெரிய கூரைக் கண்ணாடிக்காக ஒரு வேரியண்ட் மேலே ஏறாதீர்கள், நம் வெயிலுக்கு அதை மூடியேதான் வைத்திருப்பீர்கள். ஆட்டோமேட்டிக் வேண்டும் என்றால் தயங்காமல் எர்டிகா. ஆறு பேருக்குத் தனித்தனி சீட்டாக இருந்தால் நன்றாயிருக்குமே என்று அத்தைக்குத் தோன்றினால், எர்டிகாவின் உடன்பிறப்பான எக்ஸ்எல்6-ஐயும் மாருதியின் நெக்ஸா ஷோரூமில் பாருங்கள். இரண்டாவது வரிசையில் தனித்தனியாக இரண்டு நாற்காலி, நடுவில் புகுந்து பின்னால் போகலாம். ஆனால் அதில் உங்கள் மகள் மூன்றாவது வரிசைக்குப் போயாக வேண்டும்.

விலை பேசும்போது ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். 2023 நவம்பரில் தமிழ்நாட்டில் சாலை வரியை மாற்றியபோது 5 முதல் 10 லட்சம் வரையிலான காருக்கு 13 சதவீதம், அதற்கு மேல் 20 லட்சம் வரை 18 சதவீதம் என்று வைத்தார்கள். 10 லட்சத்தைக் கொஞ்சம் தாண்டும் வேரியண்டுக்கு வரியில் மட்டும் அரை லட்சம் கூடிவிடும். ஷோரூம் விலையை வைத்து இரண்டு வண்டியையும் ஒப்பிடாதீர்கள், வரி, காப்பீடு எல்லாம் சேர்த்த ஆன்ரோடு விலைப்பட்டியல் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

புக் செய்வதற்கு முன்னால், அடுத்த தேனிப் பயணத்துக்கு ஒரு வாடகை எர்டிகா எடுங்கள். இன்னொரு ஞாயிற்றுக்கிழமை ஒரு வாடகை கேரன்ஸில் சிறுமலைக்குப் போய் வாருங்கள்; 18 கொண்டை ஊசி வளைவு இருக்கிறது, கொடைக்கானல் வரை போக வேண்டியதில்லை. டிரைவர் வருவதால் கடைசி வரிசையில் கணவரோடு நீங்களும் உட்காருங்கள். மாமாவை முன்சீட்டில் வைத்து, ஒவ்வொரு வண்டியிலும் இரண்டு தடவை ஏறி இறங்கச் சொல்லுங்கள். டெஸ்ட் டிரைவ் என்று ஷோரூமில் தெருமுனை வரை போய்த் திரும்புவதில் இதெல்லாம் தெரியாது.