இழப்பற்ற ஒலியில் ரேடியோஹெட்

கேள்வி: ரேடியோஹெட் ராக் இசைக்குழுவின் ஒன்பது ஸ்டுடியோ ஆல்பங்களும் என்னிடம் 320 கேபிபிஎஸ் (நொடிக்கு 320 கிலோபிட்) எம்பி3 கோப்புகளாக இருக்கின்றன. இவற்றை, ஒலித் தகவல் எதையும் இழக்காமல் சுருக்கும் ஃபிளாக் (FLAC) வடிவத்துக்கு மாற்றினால் ஒலித்தரம் கூடுமா? பெரும்பாலும் தாம்பரம்–கடற்கரை மின்சார ரயிலில் புளூடூத் இயர்போன் வழியாகத்தான் கேட்கிறேன்.
– வாசகர், குரோம்பேட்டை

பதில்: கூடாது. காதுக்கு எட்டாது என்று கணிக்கப்படும் ஒலித் தகவல்கள் எம்பி3 உருவாகும்போதே நீக்கப்பட்டுவிடுவதால், அதை ஃபிளாக்காக மாற்றும்போது கோப்பின் அளவு பெருகுமே தவிர, போனது திரும்பாது. குறுந்தகட்டிலிருந்து நேரடியாக எடுத்த ஃபிளாக்தான் அதன் 16 பிட், 44.1 கிலோஹெர்ட்ஸ் ஒலியைச் சிறிதும் குறையாமல் வைத்திருக்கும்.

உங்கள் தொகுப்பில் முதலில் மாற்ற வேண்டியது 'இன் ரெயின்போஸ்' ஆக இருக்கலாம். 2007 அக்டோபரில், விலையை ரசிகர்களே தீர்மானிக்கலாம் என்று அக்குழு இணையத்தில் வெளியிட்ட அந்த ஆல்பம், அப்போது 160 கேபிபிஎஸ் எம்பி3 ஆகத்தான் கிடைத்தது. அந்தக் கோப்பை யாராவது பிற்பாடு 320க்கு மாற்றியிருந்தால், பெயரில் மட்டுமே தரம் உயர்ந்திருக்கும்.

ரயில் பயணத்துக்கு இப்போதுள்ள கோப்புகளே தாராளமாகப் போதும். வழக்கமான புளூடூத் இணைப்பு ஒலியை மறுபடியும் சுருக்கித்தான் அனுப்புகிறது. போதாததற்குத் தண்டவாள இரைச்சல் வேறு. வீட்டில் கம்பியுள்ள ஹெட்போனில் கேட்டாலும், நல்ல 320 கோப்புக்கும் ஃபிளாக்குக்கும் உள்ள வேறுபாட்டை, எது எதுவென்று தெரியாமல் கேட்டுக் கண்டுபிடிப்பது பலருக்கும் கடினம். செலவு செய்வதானால் ரிச்சி தெருவில் முதலில் ஒரு நல்ல ஹெட்போன் பாருங்கள்.

இருந்தும், ஆல்பங்களை இழப்பற்ற வடிவில் சேமிக்கவே நான் பரிந்துரைப்பேன். 'கிட் ஏ' (2000) ஆல்பத்தில் 'ஆப்டிமிஸ்டிக்' பாடல் அறுபடாமல் 'இன் லிம்போ'வுக்குள் நுழைகிறது. எம்பி3 கோப்பின் இரு முனைகளிலும் சேரும் சிறு மௌனத்தைச் சில பிளேயர்கள் அப்படியே ஒலிக்கவிடுவதால், அந்த இடத்தில் இசை ஒரு கணம் அறுந்துவிடும். முழு ஆல்பத்தையும் ஒரே படைப்பாகக் கேட்பவருக்கு அது பெரிய இழப்பு. ஃபிளாக்கில் அந்த மௌனம் சேர்வதே இல்லை. தவிர, ஃபிளாக் கையிலிருந்தால், கைபேசிக்கு வேண்டிய சிறிய கோப்பை எப்போது வேண்டுமானாலும் அதிலிருந்து உருவாக்கிக்கொள்ளலாம்.

கேள்வி: ரெட் ஹாட் சில்லி பெப்பர்ஸ் இசைக்குழுவின் 'கலிஃபோர்னிகேஷன்' ஆல்பம் ஃபிளாக்கிலும் கரகரக்கிறதே, கோப்பில் கோளாறா?
– வாசகி, அண்ணா நகர்

பதில்: கோளாறு பெரும்பாலும் கோப்பில் இராது. 1999 குறுந்தகட்டுக்கான மாஸ்டரிங்கிலேயே (வெளியீட்டுக்கு முந்தைய இறுதி ஒலிச் சீரமைப்பிலேயே) ஒலி அளவுக்கு மீறி உயர்த்தப்பட்டு, அலைகளின் உச்சிகள் வெட்டுப்பட்டுவிட்டன. இழப்பற்ற வடிவம் அந்த வெட்டையும் உள்ளபடியே காக்கிறது. வேறு மாஸ்டரிங்கில் வந்த பதிப்பைத் தேடுவதே வழி.