23.08 எப்படி வந்தது? கியூப் போட்டி மேசையின் சொற்கள்

கேள்வி: மகள் தரம் 8 படிக்கிறாள். வீட்டில் கைபேசிச் செயலியில் நேரம் பார்த்து றூபிக்ஸ் கியூப் செய்வாள். அண்மையில் யாழ்ப்பாணத்தில் நடந்த ஒரு பயிற்சிப் போட்டியில் பங்குபற்றினாள். அவளுடைய தாளில் 21.34, 22.80 + 2 = 24.80, 19.97, டி.என்.எஃப்., 23.10 என்று எழுதியிருந்தது. நான்கு நேரங்களையும் கூட்டி நான்கால் வகுத்தால் 22.30 வருகிறது. அவர்களோ சராசரி 23.08 என்று போட்டிருக்கிறார்கள். அந்த 2 எதற்கு என்று அவளுக்கும் விளங்கவில்லை. டி.என்.எஃப். வந்த தடவையில் ஒரேயொரு மூலை மட்டும் திரும்பி நின்றதாம். அடுத்ததாகக் கொழும்பில் டபிள்யூ.சி.ஏ. (உலகக் கியூப் சங்கம்) போட்டி வந்தால் கூட்டிக்கொண்டு போகலாம் என்று இருக்கிறோம். அதற்கு முன் எந்தச் சொற்களை விளங்கிக்கொள்ள வேண்டும்? (ஒரு தாய், கொக்குவில்)

பதில்: 23.08 சரியான கணக்கு. 3×3 கியூப்பில் ஒரு சுற்றுக்கு ஐந்து தடவைகள். அவற்றில் மிக நல்லதையும் மிக மோசமானதையும் நீக்கிவிட்டு, மிஞ்சும் மூன்றுக்கும் இடை காண்பார்கள். பிள்ளைகள் 'ஏஓ5' என்று சொல்வது இதைத்தான். டி.என்.எஃப். என்றால் அந்தத் தடவை முடிக்கப்படவில்லை என்று பொருள். எந்த நேரத்தையும் விட மோசமானதாக அது கொள்ளப்படும். ஆகவே ஒரு பக்கம் டி.என்.எஃப்., மறுபக்கம் 19.97 இரண்டும் வெளியே போய்விட்டன. 21.34, 24.80, 23.10 மூன்றும் சேர்ந்து 69.24. மூன்றால் வகுத்தால் 23.08.

இந்தக் கணக்கை மகளும் தாளும் பேனையுமாக ஒருமுறை செய்து பார்க்கட்டும். ஏனென்றால் போட்டி நடந்துகொண்டிருக்கும்போதே அது உதவும். ஒரு டி.என்.எஃப். வந்தால் சராசரி தப்பிவிடும். இரண்டாவது வந்தால் சராசரியே டி.என்.எஃப். ஆகிவிடும். அப்போதும் 'சிங்கிள்' எனப்படும் தனி நேரம், அதாவது அந்த 19.97, பதிவில் நிற்கும். ஆனால் 3×3 சுற்றில் இடம் தீர்மானிக்கப்படுவது சராசரியால்தான். எனவே ஒரு டி.என்.எஃப். விழுந்த பிறகு எஞ்சிய தடவைகளில் அரைச் செக்கன் மெதுவாகப் போனாலும் பரவாயில்லை, பிழையில்லாமல் முடிப்பதே புத்தி. 6×6, 7×7 போன்றவற்றில் மூன்றே தடவைகள், எதுவும் நீக்கப்படாது. அங்கே ஒரு டி.என்.எஃப். வந்தாலே சராசரி போய்விடும்.

அடுத்தது அந்த 2. இதற்கான விடை தாளிலேயே இருக்கிறது. டபிள்யூ.சி.ஏ. முறையில் எழுதுகிற நடுவர்கள், தொடக்கத்தில் நடந்த தவறுக்கான 2 செக்கனை ரைமர் காட்டிய நேரத்துக்கு முன்னால் எழுதுவார்கள். முடிவில் நடந்த தவறுக்கானதைப் பின்னால் எழுதுவார்கள். உங்கள் மகளின் தாளில் 22.80க்குப் பிறகு 2 இருக்கிறது. ஆக, தொடங்கும்போது அவள் சரியாகத்தான் தொடங்கியிருக்கிறாள். தவறு கியூப்பைக் கீழே வைக்கும் கட்டத்தில் நடந்திருக்கிறது.

அந்தக் கட்டத்தில் பிளஸ் 2 விழக்கூடிய வழிகள் சில. மிகச் சாதாரணமானது, கடைசித் திருப்பம் முழுமையாகாமல் நிற்பது. ஒரு அடுக்கு 45 பாகைக்கு மேல் கோணலாக நின்றால் இன்னும் ஒரு திருப்பம் பாக்கி என்று கொண்டு 2 செக்கன் சேர்ப்பார்கள். 45க்குள் என்றால் முடிந்ததாகவே எடுப்பார்கள். இரண்டு திருப்பங்கள் பாக்கி என்றால் டி.என்.எஃப். மற்றொன்று, கியூப்பைக் கையிலிருந்து முழுதாக விடாமலே ரைமரை நிறுத்துவது. இன்னொன்று, ரைமரை உள்ளங்கை கீழ்நோக்க இரண்டு கைகளாலும் நிறுத்தாமல், ஒரு கையாலோ முட்டியாலோ தட்டுவது. கடைசியாக, நிறுத்திய பிறகு நடுவர் பார்த்து முடிப்பதற்குள் கியூப்பைத் தொடுவது. தொட்டதோடு நின்றால் பிளஸ் 2. கோணலைச் சரிசெய்யலாமென்று ஒரு தட்டுத் தட்டித் திருப்பிவிட்டால் டி.என்.எஃப்.

வீட்டில் கைபேசியில் பழகுகிற பிள்ளைக்கு இதில் பெரும்பாலானவை பழக்கத்தால் வருபவை. கைபேசியில் ஒரு விரல் போதும். கியூப் மறு கையில் இருக்கலாம். நேரம் பிடிக்கவில்லை என்றால் உடனே அழிக்கலாம். போட்டி மேசையில் நடுவர் நேரத்தை எழுதும் முன் ரைமரை அழித்துவிட்டால் அந்தத் தடவையையே இழக்க நேரிடும். போட்டி மேசையில் வைக்கும் ஸ்டாக்மேட் ரைமர் இரவலாகவாவது கிடைத்தால் நல்லது. கிடைக்காவிட்டால், வீட்டில் ஒவ்வொரு தடவையும் கியூப்பை மேசையில் விட்டு, இரண்டு உள்ளங்கைகளையும் மேசையில் பதித்து, பிறகே யாராவது ஒருவர் நேரத்தை நிறுத்தும்படி பழகட்டும். நேரம் கொஞ்சம் கூடத்தான் காட்டும். அந்தக் கூடின நேரம்தான் போட்டியில் அவளுடைய உண்மையான நேரம்.

தொடக்கத்துக்கும் சில சொற்கள் உண்டு. 'ஸ்க்ராம்பிள்' என்பது கணினி தருகிற கலைப்பு வரிசை. வெள்ளை மேலே, பச்சை முன்னே வைத்துக் கலைப்பார்கள். ஒரே குழுவில் இருக்கும் எல்லோருக்கும் ஒரே கலைப்பு. அதனால்தான் தன் முறை முடிந்த பிள்ளை, இன்னும் செய்யாத பிள்ளையிடம் 'கிறொஸ் லேசாக இருந்தது' (கிறொஸ் என்பது முதலில் அடியில் அமைக்கும் சிலுவை) என்றுகூடச் சொல்லக்கூடாது. கலைத்த கியூப் மூடியால் மூடி மேசைக்கு வரும். நடுவர் 'தயாரா' என்று கேட்டு மூடியைத் தூக்கியதும் 'இன்ஸ்பெக்சன்' தொடங்கும். கையில் எடுத்துப் பார்க்கலாம், எந்த அடுக்கையும் திருப்பக்கூடாது. இதற்கு 15 செக்கன்.

நடுவர் இடையில் இரண்டு முறை குரல் கொடுப்பார்: 8 செக்கன், 12 செக்கன். இவற்றைக் கேட்டுப் பதறுகிற பிள்ளைகள் அநேகம். பதறத் தேவையில்லை. 8 கேட்கும்போது கிறொஸ் திட்டம் முடிந்திருக்க வேண்டும். 12 கேட்டதும் கியூப்பை விரிப்பில் வைத்துவிட்டுக் கைகளை ரைமரில் வைக்க வேண்டும். ரைமரின் பச்சை விளக்கு கை வைத்தவுடன் எரியாது, அரைச் செக்கனுக்குச் சற்று மேல் பிடிக்கும். 14ஆம் செக்கனில் கை வைத்தவர்கள் 15ஐத் தாண்டுவது இதனால்தான். தாண்டினால் தண்டனை. இந்த விதிகள் காலத்துக்குக் காலம் திருத்தப்படுவதால், போவதற்கு முதல் வாரம் டபிள்யூ.சி.ஏ. தளத்தில் நடப்பு விதிகளை ஒருமுறை வாசித்துவிடுங்கள்.

திரும்பி நின்ற மூலைக்கு வருவோம். இதை 'கோர்ணர் ருவிஸ்ற்' என்பார்கள். விரைவாகத் திருப்பும்போது ஒரு மூலைத்துண்டு தன் இடத்திலேயே சுழன்றுவிடும். அதன்பின் எந்தச் சூத்திரத்தாலும் கியூப் முடியாது. மகள் இதைத் தெரியாமல் ரைமரை நிறுத்தியிருந்தாலும், தெரிந்தும் ஒன்றும் செய்ய முடியாதென்று நிறுத்தியிருந்தாலும் முடிவு டி.என்.எஃப்.தான். ஆனால் அவளுக்கு ஒரு வழி இருந்தது. ஒரு மூலையைச் சுழற்றினால் கியூப் முடியக்கூடிய நிலைக்கு வருமென்றால், கியூப்பைக் கழற்றாமல் அந்த மூலையைக் கையாலேயே சுழற்றிச் சரிசெய்யப் போட்டியாளருக்கு விதி அனுமதி தருகிறது. நேரம் ஓடிக்கொண்டேயிருக்கும், இரண்டு மூன்று செக்கன் போகும். போனாலும் அந்தத் தடவை 24.05இல் முடிந்திருந்தால் என்ன வந்திருக்கும் என்று பாருங்கள்: 19.97உம் 24.80உம் வெளியே போக, 21.34, 23.10, 24.05 மூன்றின் சராசரி 22.83. கால் செக்கன் இலாபம், அதோடு அடுத்த தடவைக்கு மனப்பாரமும் இல்லை. கடைசி அடுக்கில் மூன்று மூலைகள் நேராகவும் ஒன்று மட்டும் பிழையாகவும் நின்றால் அது ருவிஸ்ற்தான் என்று அடையாளம் காண அவளைப் பழக்குங்கள்.

அடிக்கடி ருவிஸ்ற் வந்தால் கியூப்பிலும் காரணம் இருக்கும். இழுவை தளர்ந்திருக்கிறது என்று அர்த்தம். ஆறு நடுத்துண்டுகளின் மூடிகளையும் மெல்லக் கிளப்பி, உள்ளே இருக்கும் திருகாணி ஒவ்வொன்றையும் வலஞ்சுழியாகக் கால் சுற்று இறுக்கிப் பாருங்கள். ஆறையும் ஒரே அளவு இறுக்க வேண்டும். ஒன்று கூடினாலும் அந்தப் பக்கம் மட்டும் சிக்கும். அந்தச் சிக்கலுக்குப் பெயர் 'லொக்-அப்'. துண்டே தெறித்து வெளியே வருவது 'பொப்'. சோளகம் வீசுகிற மாதங்களில் நம் வீடுகளுக்குள் வரும் தூசு கியூப்புக்குள்ளும் போகும். சில மாதத்துக்கு ஒருமுறை துண்டுகளைக் கழற்றி உலர்ந்த துணியால் துடைத்து, இரண்டு மூன்று துளி சிலிக்கன் எண்ணெய் விட்டால் போதும். தேங்காயெண்ணெய், தையல் மெசின் எண்ணெய், மண்ணெண்ணெய் எதுவும் வேண்டாம். தேங்காயெண்ணெய் தூசைப் பிடித்துப் பிசுபிசுக்கும். பெற்றோலியம் சார்ந்தவை பிளாஸ்ரிக்கைக் கெடுக்கும். காந்தம் வைத்த கியூப்புக்குப் போட்டியில் தடையில்லை. கைபேசியோடு இணையும் புளூரூத் கியூப்பைக் கொண்டு போகாதீர்கள்.

ஸ்கோர் காட்டில், அதாவது நேரங்களைக் குறிக்கும் தாளில், நடுவர் எழுதியதும் மகளும் கையொப்பமிட வேண்டும். இட்டால் ஏற்றுக்கொண்டதாக அர்த்தம். ரைமர் காட்டிய எண்ணும் எழுதிய எண்ணும் ஒன்றா, 2 எங்கே எழுதப்பட்டிருக்கிறது என்பதைப் பார்த்த பிறகே கையொப்பம். உடன்பாடில்லை என்றால் கையொப்பமிடாமல் 'டெலிகேற்' வேண்டும் என்று கேட்கலாம். டெலிகேற் என்பவர் டபிள்யூ.சி.ஏ. சார்பில் போட்டிக்குப் பொறுப்பானவர். மரியாதையாகக் கேட்கிற பிள்ளையை யாரும் ஏசப்போவதில்லை. ரைமர் பழுது, யாராவது மேசையில் மோதியது போன்ற காரணத்தால் மேலதிகத் தடவை கேட்பதென்றால், நடந்த அந்த வேளையிலேயே, தடவை முடியும் முன் வாய்விட்டுச் சொல்ல வேண்டும். கூச்சப்பட்டுப் பேசாமலிருந்து பிறகு அம்மாவிடம் சொன்னால் பயனில்லை. நம் பிள்ளைகள் அதிகம் இழப்பது இங்கேதான் என்பது எங்கள் எண்ணம்.

பஸ்ஸுக்கோ ரயிலுக்கோ ரிக்கெற் எடுக்கும் முன் போட்டிப் பக்கத்தில் இரண்டு எண்களைப் பாருங்கள். 'ரைம் லிமிற்' என்பது ஒரு தடவைக்கான உச்ச நேரம்; வேறாக அறிவிக்காவிட்டால் 10 நிமிடம். 'கட்-ஓஃப்' என்பது வேறு: முதல் இரண்டு தடவைகளில் ஒன்றையாவது அந்த நேரத்துக்குள் முடித்தால்தான் ஐந்தையும் செய்ய விடுவார்கள். 3×3இல் 23 செக்கன் செய்பவருக்கு இதனால் பெரும்பாலும் பயமில்லை. ஆனால் மகள் ஆசைப்பட்டு 4×4க்கும் பெயர் கொடுத்து, கட்-ஓஃப் 1 நிமிடம் 30 செக்கன் என்றிருந்தால், இரண்டு தடவையோடு எழும்ப வேண்டி வரலாம்.

முதன்முறை போகிறவரிடம் பெயர், பிறந்த திகதி, குடியுரிமை காட்டும் ஆவணம் கேட்பார்கள்; கடவுச்சீட்டு இருந்தால் அதுவே சிறந்தது. பதியும்போது முதலெழுத்துச் சுருக்கம் வைக்காமல், ஆவணத்தில் உள்ள ஆங்கில எழுத்துக்கூட்டலிலேயே முழுப்பெயரையும் எழுதுங்கள். போட்டிக்குப் பிறகு கிடைக்கும் டபிள்யூ.சி.ஏ. இலக்கத்தில் முதற்போட்டி ஆண்டும், பெயரின் கடைசிச் சொல்லின் முதல் நான்கு எழுத்துகளும், இரண்டு இலக்கங்களும் இருக்கும். அது வாழ்நாள் முழுக்க அவளுடையது. பலாலியிலிருந்து சென்னைக்குப் பறந்து அங்கே பங்குபற்றினாலும் இலங்கைப் பிரஜையாகவே பதிவாவாள்.

கிறொஸ், எஃப்2எல், ஓ.எல்.எல்., பி.எல்.எல். என்று அவள் வீட்டில் சொல்வனவெல்லாம் செய்முறையின் கட்டங்கள்: அடியில் சிலுவை, முதல் இரண்டு அடுக்குகள், மேல்முகத்தை ஒரே நிறமாக்குதல், கடைசித் துண்டுகளை இடம் சேர்த்தல். ஓ.எல்.எல்.லில் 57 நிலைகள், பி.எல்.எல்.லில் 21. இந்த வேகத்தில் 21ஐ முழுதாகப் பாடமாக்குவது நல்லது. 57க்கு அவசரமில்லை, இரண்டு படியாகப் பிரித்துச் செய்தால் சுமார் பத்துச் சூத்திரங்களே போதும். 'ஸ்கிப்' என்றால் ஒரு கட்டம் தானாகவே முடிந்து கிடைப்பது. பி.எல்.எல். ஸ்கிப் 72இல் ஒரு தடவையும், ஓ.எல்.எல். ஸ்கிப் 216இல் ஒரு தடவையும் வாய்க்கும். எனவே ஸ்கிப்பில் வந்த 'பி.பி.'யை, அதாவது அவளுடைய சொந்தச் சாதனையை, முன்னேற்றமாக எண்ண வேண்டாம். 'ஏஓ100', அதாவது நூறு தடவைகளின் சராசரி, இறங்குகிறதா என்று பாருங்கள்.

1982இல் புடாபெஸ்ற்றில் நடந்த முதலாவது உலகப் போட்டியை மின் தாய் (Minh Thai) என்ற போட்டியாளர் வென்ற நேரம் 22.95 செக்கன். உங்கள் மகள் அந்த இடத்தில்தான் நிற்கிறாள், அவரிடம் இன்றைய வழுக்கும் கியூப் இருக்கவில்லை என்றாலும். இங்கிருந்து 18க்கு இறங்க வேகமாகத் திருப்பத் தேவையில்லை. இந்தச் செய்முறையில் ஒரு கியூப்புக்கு ஏறத்தாழ 55 முதல் 60 திருப்பங்கள். 23 செக்கனில் 55 என்றால் செக்கனுக்கு 2.4தான், அவளுடைய விரல்கள் அதைவிட விரைவாக ஏற்கெனவே ஓடும். நேரம் போவது ஒரு சோடித் துண்டை முடித்துவிட்டு அடுத்ததைத் தேடி நிற்கும் இடைவெளிகளில். கைகள் ஒன்றைச் செய்யும்போதே கண் அடுத்ததைத் தேடுவதற்கு 'லுக்-அஹெட்' என்று பெயர். பழக்க ஒரு வழி: கைபேசியில் மெட்ரொனோம் செயலியை நிமிடத்துக்கு 90 தட்டில் வைத்து, தட்டுக்கு ஒரு திருப்பம் என்று எஃப்2எல் முழுவதையும் நிற்காமல் செய்யச் சொல்லுங்கள். எங்கேயும் நிற்காமல் வந்தால் 100, பிறகு 110. இடையில் நின்றால் பழைய தட்டுக்கே திரும்பட்டும். நாளுக்குப் பதினைந்து நிமிடம் இதற்கு, மிச்ச நேரம் உள்ளங்கை இரண்டும் மேசையில் பதியும் பயிற்சிக்கு.