‘ஃபைல் மேலே போயிருக்கு!’ – வாசகர் கேள்வி பதில்

கேள்வி: பாகப்பிரிவினையில் வந்த நிலத்துக்கு உட்பிரிவுப் பட்டா கேட்டு, கட்டணமும் கட்டி எட்டு மாதம் ஆகிறது. எப்போது போனாலும் ‘ஃபைல் மேலே போயிருக்கு’ என்கிறார்கள். ‘ஏன் தாமதம்?’ என்று ஆர்.டி.ஐ. (தகவல் உரிமைச் சட்ட மனு) போட்டேன். ‘பரிசீலனையில் உள்ளது’ என ஒற்றை வரி வந்தது. இனி என்ன செய்வது?
– வாசகர், திருப்பாதிரிப்புலியூர், கடலூர்

பதில்: ‘ஏன்’ என்று கேட்டதுதான் வினை. 2005 தகவல் உரிமைச் சட்டப்படி, ஆவணத்தில் இருப்பதைத்தான் பொதுத் தகவல் அலுவலர் தர வேண்டும். புதிதாக விளக்கம் எழுதித் தர வேண்டியதில்லை. ஆகவே காகிதத்தைக் கேளுங்கள். மனு எண்ணைக் குறிப்பிட்டு இப்படி எழுதலாம்:

“என் மனு எந்தெந்தத் தேதியில் யார் யாரிடம் போனது? அவரவர் பதவிப் பெயரும், கோப்பில் எழுதிய குறிப்பின் நகலும் தருக. நில அளவர் புலத்துக்கு வந்த தேதி, அவர் அறிக்கையின் நகல் தருக. எனக்குப் பின் வந்த உட்பிரிவு மனுக்களில் உத்தரவானவற்றின் எண், தேதி தருக.”

கடைசிக் கேள்விதான் முள். வரிசை தாண்டியிருந்தால் அவர்கள் கையாலேயே எழுதித் தர வேண்டிவரும்.

வெள்ளைத்தாளில் 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்பு ஒட்டுங்கள். ரெவின்யூ ஸ்டாம்பு செல்லாது. எதற்குக் கேட்கிறீர்கள் என்று எழுத வேண்டாம், புலம்பலும் வேண்டாம். ஸ்பீடு போஸ்ட் ரசீதை மனு நகலோடு பின் அடித்து வையுங்கள். 30 நாளில் பதில் இல்லை, அல்லது மழுப்பல் என்றால், அடுத்த 30 நாளுக்குள் மேல்முறையீட்டு அலுவலருக்கு எழுதுங்கள். அதற்கும் மசியாவிட்டால் மாநிலத் தகவல் ஆணையத்துக்கு இரண்டாம் மேல்முறையீடு. நாளுக்கு 250 ரூபாய் வீதம் 25,000 வரை அபராதம் போட ஆணையத்துக்கு அதிகாரம் உண்டு. போடுவதுதான் அபூர்வம்.

கேள்வி: ஆர்.டி.ஐ. போட்டது புதுச்சேரி அலுவலகத்தில் என்றால் இரண்டாம் மேல்முறையீடு யாருக்கு?
– வாசகர், முத்தியால்பேட்டை

பதில்: டெல்லிக்கு. யூனியன் பிரதேசம் என்பதால் மத்தியத் தகவல் ஆணையம்தான். கெடு 90 நாள், ஆன்லைனிலும் போடலாம். மேலே கடலூர்க்காரருக்குச் சொன்னபடி சென்னையில் உள்ள மாநில ஆணையத்துக்கு அனுப்பினால், கெடு நமக்காக நிற்காது.

கேள்வி: சொத்து வரியைச் சீக்கிரம் கட்டினால் சலுகை உண்டாமே?
– வாசகி, மஞ்சக்குப்பம், கடலூர்

பதில்: உண்டு. அரையாண்டு ஏப்ரலிலும் அக்டோபரிலும் தொடங்குகிறது. முதல் 30 நாளுக்குள் கட்டினால் 5 சதவீதம் ஊக்கத்தொகை, அதிகபட்சம் 5,000 ரூபாய். பணம் அனுப்பும் முன் வரிவிதிப்பு எண்ணை இரண்டு முறை பாருங்கள். ஓர் இலக்கம் மாறினால் அடுத்தவர் வீட்டுக் கணக்கில் வரவாகிவிடும். அதைத் திருப்ப இன்னொரு மனு, இன்னொரு ஃபைல்.