காப்ளருக்குப் பெர்ரி வாங்கும்போது: அழகுக்குக் காசு கொடுக்காதீர்கள்

கோடையில் பெர்ரிப் பழங்கள் வந்து குவியத் தொடங்கியதும், அவற்றை வைத்துச் செய்யும் காப்ளர் பற்றியும் கேள்விகள் வந்துவிடுகின்றன. காப்ளரைச் செய்து பார்க்காதவர்களுக்காக: பழத்தைச் சர்க்கரையோடு கலந்து பாத்திரத்தில் கொட்டி, மேலே மாவைக் கரண்டி கரண்டியாக அள்ளிப் போட்டு ஓவனில் வேகவைப்பதுதான் காப்ளர். அடியிலும் மாவு விரித்தால் அது பை (pie). மாவையும் வெண்ணெயையும் உதிரியாகப் பிசறி மேலே தூவினால் அது கிரம்பிள். இம்முறை வந்தவற்றில் பாதி, வாங்கிய பொருளைப் பற்றிய புகார்கள். மீதிப் பாதி, தவறு பொருளிலா தம் கையிலா என்ற சந்தேகம்.

கேள்வி: பெட்டியின் மேல்வரிசையில் பெர்ரிகள் பளபளவென்று இருந்தன. வீட்டுக்கு வந்து கொட்டினால் அடியில் நசுங்கியும் பூசணம் பிடித்தும் கிடக்கின்றன. கடையில் மாற்றித் தர மறுக்கிறார்கள். இனிமேல் எப்படிப் பார்த்து வாங்குவது? மிச்சத்தைப் பயன்படுத்தலாமா?

பெட்டியைக் கையில் எடுத்ததும் மேலே பார்க்காதீர்கள், கவிழ்த்துப் பாருங்கள். அடியில் சாறு கசிந்த கறை இருந்தால் வைத்துவிடுங்கள். அப்புறம் லேசாக ஆட்டுங்கள். பழங்கள் தனித்தனியாக உருண்டால் நல்லது. ஒரே கட்டியாக நகர்ந்தால் உள்ளே ஏதோ ஒன்று அழுகி மற்றவற்றோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது.

ஒவ்வொரு பழத்துக்கும் ஒரு குணம் உண்டு. ஸ்ட்ராபெரி பறித்த பிறகு இனிக்காது. காம்போரம் வெள்ளையாக இருப்பதை வாங்கி இரண்டு நாள் வைத்தால் சிவக்கலாம், மெதுவாகலாம், ஆனால் சர்க்கரை ஏறாது. பிளாக்பெரியில் அங்கங்கே சிவப்பு மணிகள் இருந்தால் முழுதும் பழுக்கவில்லை என்று நினைப்போம். பெரும்பாலும் சரிதான், ஆனால் கறுத்துப் பழுத்த பழமும் குளிரில் வைத்தபின் சில மணிகள் சிவந்துபோவதுண்டு. புளூபெரியின் மேல் இருக்கும் வெள்ளைப் படலத்தைப் பார்த்துப் பூச்சிமருந்து என்று பலர் பயப்படுகிறார்கள். அது பழம் தானே உண்டாக்கும் மெழுகு. படலம் கலையாமல் இருந்தால் பழம் அதிகம் கைபடவில்லை என்று பொருள்.

பூசணம் பிடித்ததையும் அதைத் தொட்டுக்கொண்டிருந்ததையும் எறிந்துவிடுங்கள். மற்றவற்றை ஒவ்வொன்றாகப் பார்த்து, நல்லதாக இருந்தால் கழுவி அன்றே அடுப்பில் ஏற்றுங்கள். பூசணம் இல்லாமல் வெறுமனே நசுங்கியதைத் தள்ள வேண்டாம். ஓவனில் எல்லாம் நசுங்கத்தானே போகிறது! காப்ளருக்கு என்றால் அளவு ஒழுங்காக அடுக்கிய விலை உயர்ந்த பெட்டியைத் தேடவே வேண்டாம். கோணலும் சிறியதுமாக, நன்றாகப் பழுத்ததாக வாங்குங்கள். பெட்டியின் உருவத்தைப் பார்த்து விலையை ஒப்பிடாதீர்கள், எடையைப் பாருங்கள். ஒரே உயரப் பெட்டியில் ராஸ்பெரியும் புளூபெரியும் ஒரே எடை இருக்காது, ராஸ்பெரியின் நடுவில் பொந்து.

மாற்றித் தரும் விஷயத்தில் கடைக்குக் கடை விதி மாறும். சீக்கிரம் கெடும் பொருளை மாற்றுவதற்குப் பல கடைகள் தனி விதி வைத்திருக்கின்றன. உங்களுக்குக் கைகொடுப்பவை மூன்று: ரசீது, திறந்தவுடன் எடுத்த படம், அன்றே போய்க் கேட்பது. மூன்று நாள் கழித்துப் போனால் யார் வீட்டில் அழுகியது என்ற வாதத்தில் நீங்கள் ஜெயிக்க முடியாது. இன்னும் எளிது, பணம் கொடுக்கும் இடத்திலேயே பெட்டியைத் திறந்து பார்ப்பது. கூச்சப்பட வேண்டாம்.

கேள்வி: உறையவைத்த பெர்ரி பாக்கெட் மலிவாகக் கிடைக்கிறது. அதில் காப்ளர் செய்தால் சுமாராகத்தான் இருக்கும் என்கிறார்களே?

சொல்கிறவர்கள் அதைக் கரையவைத்துச் செய்திருப்பார்கள். உறைந்த பெர்ரிக்கு நான் கட்சி கட்டுகிறவன் என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உறையவைக்கப்போகும் பழத்துக்குத் தொலைதூரப் பயணத்தைத் தாங்கும் உறுதி தேவையில்லை, அதனால் நன்றாகப் பழுக்க விட்டுப் பறிக்க முடிகிறது. பருவம் தப்பிய நாளில் வாங்கும் புளிப்புப் புதுப்பழத்தைவிட அது எவ்வளவோ மேல்.

பாக்கெட்டை வெளியிலிருந்து தடவிப் பாருங்கள். மணிமணியாக உதிர வேண்டும். பாறைபோல் ஒரே கட்டியாக இருந்தால், வழியில் எங்கோ உருகி மீண்டும் உறைந்திருக்கலாம். உள்ளே பனித்தூள் நிறைய இருந்தாலும் அதே சந்தேகம். பொருள் பட்டியலில் பழம் மட்டும் இருக்கட்டும். சர்க்கரை சேர்த்த பாக்கெட்டும் உண்டு, அதை வாங்கினால் குறிப்பில் உள்ள சர்க்கரையைக் குறைக்க வேண்டும். கலவைப் பாக்கெட்டில் பெரிய ஸ்ட்ராபெரி அதிகம் இருந்தால் நீர் அதிகம் விடும்.

செய்யும்போது கரையவைக்காமல் அப்படியே கார்ன்ஃப்ளாரும் (சாற்றைக் கெட்டியாக்கும் வெள்ளை ஸ்டார்ச்) சர்க்கரையும் போட்டுப் புரட்டுங்கள். கீழே தந்திருக்கும் அளவைவிடக் கார்ன்ஃப்ளார் ஒரு மேசைக்கரண்டி கூட, ஓவனில் 10 முதல் 15 நிமிடம் கூட.

ஒரு எச்சரிக்கை. உறைந்த பெர்ரிகள் வழியாக ஹெபடைடிஸ் ஏ, நோரோ வைரஸ் பரவிய சம்பவங்கள் பல நாடுகளில் பதிவாகியிருக்கின்றன. உறைநிலை வைரஸைக் கொல்லாது, வெப்பம்தான் கொல்லும். காப்ளரின் நடுப்பகுதி கொதித்துக் குமிழ் விடும்வரை வேகவைத்தால் கவலை இல்லை. அதே பாக்கெட்டிலிருந்து நாலு பழத்தை அலங்காரத்துக்குப் பச்சையாகப் போடுவதைத்தான் தவிர்க்க வேண்டும்.

கேள்வி: புளூபெரி காப்ளர் செய்தேன். மாவில் பழம் பட்ட இடமெல்லாம் பச்சையாகிவிட்டது! சாயம் ஏற்றிய பழத்தை விற்றிருக்கிறார்கள் என்று புகார் கொடுக்கப்போகிறேன். சரிதானே?

கொஞ்சம் பொறுங்கள். பச்சையாக மாறிய ஒரு துண்டில் எலுமிச்சைச் சாறு இரண்டு சொட்டு விட்டுப் பாருங்கள். சிவப்பாகவோ ஊதாவாகவோ திரும்பினால் கடைக்காரர் மேல் தப்பில்லை.

பெர்ரிக்கு நிறம் தருவது ஆந்தோசயனின் என்னும் இயற்கை நிறமி. புளிப்பில் சிவக்கும், காரத்தன்மையில் நீலமாகிப் பச்சைக்குப் போகும். உங்கள் மாவில் சமையல் சோடா அதிகம் விழுந்திருக்கிறது. பேக்கிங் பவுடர் தீர்ந்துபோய் அதே அளவு சோடாவைப் போட்டீர்களா? சோடாவின் வேகம் பேக்கிங் பவுடரைப்போல ஏறக்குறைய மூன்று மடங்கு, அதுவும் கூடவே புளிப்பு ஒன்று இருந்தால்தான் முழுதாக வேலை செய்யும். புளிப்பு போதாதபோது மிஞ்சும் சோடா நிறத்தையும் மாற்றும், சோப்பு வாடையும் தரும். சாப்பிட்டால் ஒன்றும் ஆகாது, பார்க்கத்தான் சங்கடம்.

சந்தேகம் இன்னும் தீரவில்லை என்றால் மிச்சமுள்ள பழத்தை நறுக்கிப் பாருங்கள். தோட்டத்தில் வளர்க்கும் புளூபெரிக்குத் தோலில்தான் நிறம், உள்ளே வெளிர்ப்பச்சையாக இருக்கும். உள்ளேயும் கருநீலமாக இருந்தால்கூட சாயம் என்று சொல்லிவிடாதீர்கள். பில்பெரி என்ற காட்டு வகைக்குச் சதையும் அதே நிறம்.

கேள்வி: இரண்டு முறை செய்தும் அடியில் தண்ணீராகவே இருக்கிறது. சோள மாவு போடச் சொன்ன அளவு போட்டேன். மாவு கலப்படமாக இருக்குமோ?

எந்தச் சோள மாவு என்பதுதான் கேள்வி. இந்தப் பெயரில் இரண்டு சரக்கு விற்கிறது. ஒன்று, மக்காச்சோளத்தை முழுதாக அரைத்தது, மஞ்சளாக இருக்கும். மற்றது, சோளத்திலிருந்து பிரித்தெடுத்த வெறும் ஸ்டார்ச். தும்பை வெள்ளை, விரலுக்கிடையில் அழுத்தினால் கிறுகிறுவென்று ஒலிக்கும். சாற்றைக் கெட்டியாக்க இரண்டாவதுதான் வேண்டும்.

பிரிட்டிஷ் வழக்கத்தில் கார்ன்ஃப்ளார் என்றால் ஸ்டார்ச். அமெரிக்கர்கள் அதே சொல்லை அரைத்த மாவுக்குச் சொல்வார்கள், ஸ்டார்ச்சுக்கு அவர்களிடம் கார்ன்ஸ்டார்ச் என்று தனிப்பெயர். ஆகவே முகப்பில் உள்ள பெயரை விட்டுவிட்டுப் பொருள் பட்டியலைப் படியுங்கள். ஸ்டார்ச் என்று இருக்கிறதா, போதும்.

நீங்கள் வாங்கியது வெள்ளை ஸ்டார்ச்தான் என்றால் தவறு அவசரத்தில் இருக்கிறது. ஓரம் கொதிப்பதைப் பார்த்ததும் எடுத்துவிடுகிறோம், நடுவில் அப்போதுதான் சூடு ஏறிக்கொண்டிருக்கும். ஸ்டார்ச் முழுதாகக் கெட்டிப்படக் கொதிநிலைக்குப் பக்கத்தில் போக வேண்டும். நடுவிலும் சோம்பலான பெரிய குமிழ்கள் வர வேண்டும். அதற்குள் மேல்மாவு கருகும்போல் இருந்தால் அலுமினியத் தாளை லேசாக மூடிவிடுங்கள்.

கேள்வி: ஓவனுக்கு ஏற்றது என்று எழுதிய கண்ணாடிப் பாத்திரம். உறைந்த பெர்ரியை நிரப்பிச் சூடான ஓவனுக்குள் வைத்த சில நிமிடத்தில் வெடித்துச் சிதறிவிட்டது. நிறுவனம் நஷ்டஈடு தர வேண்டாமா?

யாருக்கும் காயமில்லை என்று நம்புகிறேன். ஓவனை முழுதாக ஆறவிட்டுச் சில்லுகளை எடுங்கள். உள்ளிருந்த உணவை ஒரு வாய்கூடச் சாப்பிடாதீர்கள்.

ஓவனுக்கு ஏற்றது என்பது ஓவன் சூட்டைத் தாங்கும் என்பதற்கான உறுதி மட்டுமே. உறைபனியிலிருந்து நேராகச் சூட்டுக்குப் போகலாம் என்று அது சொல்லவில்லை. கண்ணாடியின் ஒரு பக்கம் சூட்டில் விரிய, பழம் ஒட்டியிருக்கும் பக்கம் குளிரில் விரியாமல் இழுத்துப்பிடிக்க, அந்த இழுபறியில் உடைகிறது.

எல்லாக் கண்ணாடியும் ஒன்றல்ல. போரோசிலிகேட் கண்ணாடி வெப்பத்தில் விரிவது, சாதாரண சோடா சுண்ணாம்புக் கண்ணாடி விரிவதில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்குதான். இரண்டாவது வகையைக் கடினப்படுத்தி விற்கிறார்கள். அது கீழே விழுந்தால் நன்றாகத் தாங்கும், திடீர்ச் சூட்டுக்கு அவ்வளவு தாங்காது. பிராண்டை வைத்து வகையை முடிவு செய்ய முடியாது. கார்னிங் நிறுவனம் 1915-இல் பைரெக்ஸ் பாத்திரங்களை விற்கத் தொடங்கியபோது அவை போரோசிலிகேட். இன்று அதே பெயரில் இரண்டு வகையும் வருகின்றன. போரோசிலிகேட் என்று பெட்டியில் எழுத்தில் இருந்தால் மட்டும் நம்புங்கள். அதுவும் உடையாத மாயக் கண்ணாடி அல்ல.

நஷ்டஈடு கேட்கலாம், தடையில்லை. பாத்திரத்தோடு வந்த தாளை முதலில் தேடி எடுங்கள். திடீர் வெப்பமாற்றம் கூடாது என்று அதில் இருந்தால் உங்கள் வாதம் பலவீனம். அப்படி எச்சரிக்கையே இல்லையென்றால், ரசீதோடும் படங்களோடும் அடிப்பக்கத்தில் உள்ள குறியீட்டோடும் எழுத்தில் புகார் கொடுங்கள். அடுத்த முறை உறைந்த பழத்துக்கு எனாமல் அல்லது துருப்பிடிக்காத எஃகுப் பாத்திரம் எடுங்கள். பூச்சில்லாத அலுமினியம் வேண்டாம், பெர்ரியின் புளிப்பு அதை அரித்து உலோகச் சுவையை ஏற்றிவிடும்.

கேள்வி: டப்பாவில் வரும் பெர்ரி ஃபில்லிங், பெர்ரி படம் போட்ட ரெடி மிக்ஸ், இரண்டையும் வைத்து 5 நிமிடத்தில் காப்ளர் என்கிறார்களே, வாங்கலாமா?

பின்பக்கத்தைப் படித்துவிட்டு வாங்கலாம். பொருள் பட்டியல் எடை இறங்குவரிசையில் இருக்கும். ஃபில்லிங் டப்பாவில் முதலில் தண்ணீரும் சர்க்கரைப் பாகும் வந்து, பழம் அப்புறம் வந்தால், நீங்கள் காசு கொடுப்பது இனிப்புக் கூழுக்கு. பாகில் ஊறிய முழுப்பழ டப்பா என்றால் மொத்த எடையை விட்டு, வடித்த எடையைப் பாருங்கள். ரெடி மிக்ஸில் சில சமயம் பெர்ரித் துண்டுகள் என்ற பெயரில் வருவது சர்க்கரை, ஸ்டார்ச், எண்ணெய், நிறம் சேர்த்து உருட்டியவை. ஏமாற்று என்று எல்லாவற்றையும் சொல்ல முடியாது, பின்பக்கத்தில் பொடி எழுத்தில் உண்மையை எழுதித்தான் வைத்திருப்பார்கள்.

என் கருத்து: மேல்மாவு கலக்க ரெடி மிக்ஸைவிட 5 நிமிடம்தான் கூடுதலாக ஆகும். அதற்கு இன்னொருவருக்குக் காசு கொடுப்பானேன்?

கேள்வி: அப்படியானால் முதன்முறை செய்கிறவர் எதையெல்லாம், எவ்வளவு வாங்க வேண்டும்?

பெர்ரி 1 கிலோ, எந்தக் கலவையாக இருந்தாலும் சரி. அதற்குச் சர்க்கரை 100 முதல் 150 கிராம், பழத்தைத் தின்று பார்த்து முடிவு செய்யுங்கள். கார்ன்ஃப்ளார் 2 மேசைக்கரண்டி, எலுமிச்சைச் சாறு 1 மேசைக்கரண்டி. மேல்மாவுக்கு மைதா 200 கிராம், சர்க்கரை 50 கிராம், பேக்கிங் பவுடர் 2 தேக்கரண்டி, உப்பு அரைத் தேக்கரண்டி, குளிர்ந்த வெண்ணெய் 85 கிராம், பால் 150 மில்லி. வெண்ணெயை மாவில் உதிர்த்துவிட்டு, பாலை ஊற்றிக் கிளறினால் போதும், பிசைய வேண்டாம். 2.5 லிட்டர் பாத்திரம், 190 டிகிரி செல்சியஸ், 40 முதல் 45 நிமிடம்.

வெண்ணெய்க்குப் பதில் ரொட்டியில் தடவும் ஸ்ப்ரெட் வாங்கிவிடாதீர்கள். வெண்ணெயில் கொழுப்பு 80 சதவீதம் அளவில் இருக்கும், ஸ்ப்ரெட்டில் அதில் பாதியே இருப்பதும் உண்டு, மீதி பெரும்பாலும் தண்ணீர். உப்பு வெண்ணெய் என்றால் மாவில் உப்பைக் குறையுங்கள்.

கேள்வி: பேக்கிங் பவுடர் டப்பாவில் தேதி இன்னும் முடியவில்லை. ஆனால் மாவு உப்பவில்லை. ஏன்?

தேதி திறக்காத டப்பாவுக்கு. திறந்தபின் ஈரம் பட்டுக்கொண்டே இருக்கும். கொதிக்கும் நீரில் அரைத் தேக்கரண்டி போடுங்கள். உடனே பொங்கினால் வைத்துக்கொள்ளலாம், முனகினால் குப்பைக்கு. சின்ன டப்பாவாக வாங்குங்கள், பெரிய டப்பாவில் மிச்சம்பிடித்ததெல்லாம் இப்படித்தான் வீணாகும்.

கேள்வி: ஓவனிலிருந்து எடுத்ததும் பரிமாறலாமா?

வாய் வெந்துவிடும். அரை மணி நேரம் விடுங்கள், சாறும் அதற்குள் கெட்டிப்படும்.