மறு: டர்பன் மழைக் கணக்கு, 0.2 ஏன் பொருந்தாது?
டர்பனில் மழை பெய்வதற்கான நிகழ்தகவு சனியன்று 0.7, ஞாயிறன்று 0.6, இரு நாளும் (இதுதான் வெட்டு) 0.2. "எல்லாம் 0-க்கும் 1-க்கும் இடையில்தான், வெட்டும் இரண்டையும்விடச் சிறியதுதான், பிறகேன் தவறு?" என்று கேட்டிருந்தீர்கள்.

அந்த இரண்டு சோதனை மட்டும் போதாது. வார இறுதியை நான்காகப் பிரியுங்கள்: இரு நாளும் 0.2, சனி மட்டும் 0.7−0.2=0.5, ஞாயிறு மட்டும் 0.6−0.2=0.4. இதுவே 1.1 ஆகிவிட்டது. மழையே இல்லாததற்கு மிஞ்சுவது −0.1! அங்கேதான் இடிக்கிறது.

வெட்டு குறைந்தது 0.7+0.6−1=0.3, அதிகபட்சம் 0.6. இடையில் எதுவும் செல்லும். 0.7×0.6=0.42 வந்தாக வேண்டும் என்று பலர் அடம்பிடிப்பார்கள். அது சார்பிலா நிகழ்ச்சிகளுக்கு, அதாவது ஒன்று மற்றதைப் பாதிக்காதவற்றுக்கு மட்டும். முதல் நாள் பிடித்த மழை மறுநாளும் தொடர்வது சகஜம்தானே.

சேர்ப்பு, அதாவது ஒரு நாளாவது மழை பெய்வது, 0.9 என்றும் வினாவில் தந்திருந்தால் வெட்டு 0.7+0.6−0.9=0.4 மட்டுமே, 0.39 கூட ஆகாது.